விவரம் கூடிப்போன பூட்டுக்காரர்

பூட்டுக்காரர் அந்தப் பதிப்பகத்துக்குள் முதன்முதலாக நுழைந்தது ஒரு மேசை இழுப்பறையைத் திறக்கத்தான். அது நான்கு மாடிக் கட்டடம். கீழே, படிக்கட்டின் அடியில் அவருடைய கடை. இரண்டாவது மாடியில் பதிப்பகம். கடை என்றதும் பெரிதாக நினைத்துவிடக் கூடாது. ஸ்டூலில் உட்கார்ந்தபடி கையை நீட்டினால் எல்லாச் சாமானும் எட்டும். சாவி வெட்டும் இயந்திரம் ஒன்று, சுவர் முழுக்க ஆணியில் தொங்கும் வெட்டாத சாவிகள், அரங்கள் போட்டு வைத்த ஒரு பெட்டி. வாடிக்கையாளர் வந்தால் படியில் நின்றுதான் பேச வேண்டும்.

இழுப்பறைக்குள் மறுநாள் அச்சுக்குப் போக வேண்டிய கைப்பிரதி இருந்தது. சாவி பாதியில் முறிந்து பூட்டுக்குள்ளேயே தங்கிவிட்டது. பதிப்பாசிரியை நகத்தைக் கடித்துக்கொண்டு பக்கத்திலேயே நின்றார். பூட்டுக்காரர் மெல்லிய கம்பி ஒன்றை உள்ளே விட்டு, முறிந்த துண்டை மீன் பிடிப்பதுபோல் வெளியே இழுத்து, இழுப்பறையையும் திறந்துவிட்டார். மேலேயே இருந்த முதல் பக்கம் கண்ணில் பட்டது. கம்பியைத் துடைத்துக்கொண்டே நாலு வரி படித்தார்.

"படிச்சீங்களா? எப்படி இருக்கு?" பதிப்பாசிரியை சும்மா பேச்சுக்குத்தான் கேட்டார்.

"பூட்டு பரவாயில்ல மேடம், திறந்துடுச்சு. இதுதான் திறக்கல."

"எது?"

பூட்டுக்காரர் மூன்றாவது வரியில் விரலை வைத்தார். அந்த வரியைப் பதிப்பாசிரியை பதினொரு முறை படித்திருந்தார். பதினொரு முறையும் புரிந்திருந்தது. அவருக்கு முகம் சுருங்கிவிட்டது. ஏனென்றால் அந்தப் பதிப்பகம் போடுவதெல்லாம், எந்தப் படிப்பும் இல்லாதவர்கூட ரசித்துப் படித்துத் தெரிந்துகொள்ள வேண்டிய புத்தகங்கள். மண் ஏன் மணக்கிறது, பூஜ்யத்தை யார் கண்டுபிடித்தார்கள், ஆக்டோபஸ் எப்படி யோசிக்கிறது, இப்படி. அட்டையில் "எல்லோருக்கும்" என்று பெரிதாகப் போட்டுவிட்டு, கீழ்மாடியில் இருப்பவருக்கே மூன்றாவது வரி திறக்கவில்லை என்றால் எப்படி?

அன்றைக்கு ஆரம்பித்தது அந்தப் பதவி. பொது வாசகர். எந்தக் கைப்பிரதியும் பூட்டுக்காரரின் கை வழியாகத்தான் அச்சுக்குப் போகும். ஏற்பாடு எளிமையானது. புரியாத இடத்தில் பெருக்கல் குறி. சிரிப்பு வந்த இடத்தில் வட்டம். கொட்டாவி வந்த இடத்தில் "கொ".

எழுதியவர்கள் பெருக்கல் குறியைக்கூடப் பொறுத்துக்கொண்டார்கள். "கொ"வைத்தான் தாங்க முடியவில்லை. ஒரு வரலாற்றுப் பேராசிரியர், ஒரே அத்தியாயத்தில் ஒன்பது "கொ" வாங்கியவர், மாடியேறி வந்து, "யாரு இந்தக் கொ? எந்தப் பல்கலைக்கழகம்?" என்று கேட்டார். பதிப்பாசிரியை அவரை ஜன்னலோரம் அழைத்துப்போய்க் கீழே காட்டினார். பூட்டுக்காரர் வாசலில் யாரோ ஒருவருடைய சைக்கிள் பூட்டை ரம்பத்தால் அறுத்துக்கொண்டிருந்தார். பேராசிரியர் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு கைப்பிரதியைத் திருத்தி எழுத வாங்கிக்கொண்டு போனார். அந்தப் புத்தகம் நான்கு பதிப்பு கண்டது.

எட்டு வருஷம் இப்படியே ஓடியது. பூட்டுக்காரர் சாவிக்கும் சாவிக்கும் நடுவில் படித்தார். அவர் திருப்பித் தரும் தாள்களை உதறினால் பித்தளைத் தூள் கொட்டும். படித்ததை அவரால் வயிற்றுக்குள் வைத்துக்கொள்ளவும் முடியாது. வீட்டுக்குப் போனதும் மனைவியிடம் அவிழ்த்துவிடுவார். மனைவிக்கு ஆஸ்பத்திரி லாண்டரியில் வேலை. நாள் முழுக்க நின்றபடி, ஈரப் படுக்கைவிரிப்புகளைச் சூடான உருளைக்குள் கொடுத்து மறுபக்கம் மடித்து எடுக்க வேண்டும். வீடு வந்து காலை நீட்டி உட்காரும்போதுதான் இவர் ஆரம்பிப்பார்; அவள் காதில் ஒன்றும் தங்காது.

"ஆக்டோபஸுக்கு மூணு இதயம், தெரியுமா உனக்கு?"

"இருக்கட்டும். ஒண்ணு போனாலும் ரெண்டு மிச்சம். எனக்குக் கால் மொத்தமே ரெண்டுதான்."

கெடுதல் எங்கே ஆரம்பித்தது என்று பார்த்தால், வெள்ளிக் கிரகத்தில்தான். வானம் பற்றிய ஒரு கைப்பிரதியில், வெள்ளியில் ஒரு வருஷம் ஒரு நாளைவிட நீளம் என்று இருந்தது. பூட்டுக்காரர் ஓரத்தில் எழுதினார்: "மாற்றிப் போட்டிருக்கிறீர்கள். அங்கே நாள்தான் நீளம், வருஷம் குட்டை. போன வருஷம் வந்த புத்தகம் பார்க்கவும்." பதிப்பாசிரியை விசாரித்தார். சரியாகத்தான் இருந்தது. எழுதியவரே போன் செய்து நன்றி சொன்னார். பூட்டுக்காரருக்கு ஒரு வாரம் தரையில் கால் பாவவில்லை. அதற்குப் பிறகு அவர் தாள்களில் பெருக்கல் குறி குறைந்துகொண்டே வந்தது. எழுதுகிறவர்கள் தேறிவிட்டார்கள் என்று எல்லோருக்கும் சந்தோஷம்.

பிறகு பசைப் புத்தகம் வந்தது. ஒட்டுகிற பொருள்கள் எல்லாம் ஏன் ஒட்டுகின்றன என்று ஒரு பேராசிரியர் எழுதியது. பூட்டுக்காரர் இரண்டே நாளில் முடித்தார். ஒரு பெருக்கல் குறி இல்லை, ஒரு "கொ" இல்லை. பல்லி சுவரில் ஏறும் பக்கத்தில் மட்டும் நான்கு வட்டம். பதிப்பகம் மனம் குளிர்ந்து வழக்கத்தைவிட இரண்டு மடங்கு அச்சடித்தது.

அடுத்த மாதம் பதிப்பாசிரியை பூட்டுக்காரர் கடைக்கு ஒரு பூட்டைக் கொண்டுவந்தார். சரியாகத் திறக்கவில்லையாம். பூட்டுக்காரர் திறந்து மூடிப் பார்த்தார், வெண்ணெய்போலத் திறந்தது. இரண்டு நாள் கழித்து இன்னொரு பூட்டு. அதுவும் நல்ல பூட்டு. பதிப்பாசிரியை படியில் நின்று வெயிலைப் பற்றிக் கொஞ்சம் பேசிவிட்டு மேலே போய்விட்டார். மூன்றாவது பூட்டு அட்டைப்பெட்டியில், கடையில் ஒட்டிய விலைச் சீட்டோடு வந்தது.

பூட்டுக்காரர் அதைத் திறந்துகூடப் பார்க்கவில்லை. "மேடம், பூட்டுல ஒரு கோளாறும் இல்ல. உங்களுக்குத்தான் எதோ தொண்டையில மாட்டிக்கிட்டு இருக்கு. சொல்லிடுங்க."

பதிப்பாசிரியை படியிலேயே உட்கார்ந்துவிட்டார். கைப்பையிலிருந்து ஒரு கட்டு வாசகர் கடிதங்களை எடுத்துக் கொடுத்தார். பூட்டுக்காரர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு மேலே இருந்ததைப் படித்தார். "ஐயா, புத்தகம் பசையைப் பற்றியது என்று அட்டையில் இருக்கிறது. உள்ளே இருப்பது எதைப் பற்றியது என்று தெரிவித்தால் உதவியாக இருக்கும்." அடுத்த கடிதம் இன்னும் சின்னது. "எதுவும் மனதில் ஒட்டவில்லை."

"எனக்கு எல்லாம் புரிஞ்சுதே மேடம்," என்றார் பூட்டுக்காரர்.

"அதுதாண்ணே பிரச்சினை." பதிப்பாசிரியை அவர் முகத்தைப் பார்க்காமல், தொங்கும் சாவிகளைப் பார்த்துச் சொன்னார். "உங்களுக்கு விவரம் ஜாஸ்தி ஆயிடுச்சு."

பூட்டுக்காரருக்கு இந்த வாழ்க்கையில் பல காரணங்களுக்காகத் திட்டு விழுந்திருக்கிறது. பள்ளிக்கூடத்தில் கணக்குக்கு, வீட்டில் மறதிக்கு. விவரம் கூடிப்போனதற்காக வேலை போவது இதுதான் முதல் தடவை. அழுவதா, மார்தட்டிக்கொள்வதா என்றே அவருக்குத் தெரியவில்லை.

"இன்னும் ஒரே ஒரு கைப்பிரதி குடுங்க. பழையபடி படிக்கிறேன்," என்று கெஞ்சினார்.

கொடுத்தார்கள். தண்ணீரைப் பற்றிய புத்தகம் அது. பூட்டுக்காரர் பழைய பூட்டுக்காரராக மாற முழு மூச்சாக முயன்றார். ஒவ்வொரு வரியிலும் நின்று, எட்டு வருஷத்துக்கு முன்னால் இது எனக்குத் தெரியுமா என்று தன்னையே விசாரணை செய்தார். சந்தேகம் வந்த இடத்திலெல்லாம் பெருக்கல் குறி போட்டார். போகப் போக எல்லா இடத்திலும் சந்தேகம் வந்தது. மூன்று நாளில் தாள்கள் தையல் வகுப்பில் குறுக்குத் தையல் பழகிய துணிமாதிரி ஆகிவிட்டன. பதிப்பாசிரியை புரட்டிக்கொண்டே வந்து ஒரு இடத்தில் நின்றார். "மழை மேலிருந்து கீழே விழுகிறது" என்ற வாக்கியத்துக்குப் பக்கத்தில் பெரிய பெருக்கல் குறி.

"அண்ணே, இது புரியலையா?"

பூட்டுக்காரர் தலையைச் சொறிந்தார். "கொஞ்சம் கஷ்டமாத்தான் இருந்துச்சு."

இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். சிரிப்பு வந்துவிட்டது. சிரித்து முடித்ததும் பூட்டுக்காரர் கண்ணாடியைக் கழற்றிச் சட்டையில் துடைக்க ஆரம்பித்து, வெகுநேரம் துடைத்துக்கொண்டே இருந்தார்.

"வேற யாராவது தெரிஞ்சா சொல்லுங்கண்ணே," என்றார் பதிப்பாசிரியை மெதுவாக. "எழுதப் படிக்கத் தெரியணும். நாங்க போடற விஷயம் எதுவும் தெரியக்கூடாது. மனசுல பட்டதை முகத்துக்கு நேரா சொல்லணும்."

பூட்டுக்காரர் கடைக்கு இறங்குவதற்குள் விடை கிடைத்துவிட்டது. அதை வீட்டில் எப்படிச் சொல்வது என்பதற்குத்தான் ஒரு வாரம் ஆனது. ஒரு விடுமுறை நாள் மதியம், மனைவி சாப்பாட்டைப் பரிமாறிவிட்டு எதிரில் உட்கார்ந்தபோது, பூட்டுக்காரர் தொண்டையைச் செருமிக்கொண்டு எல்லாவற்றையும் சொல்லி முடித்தார். மனைவி முழுவதையும் குறுக்கே பேசாமல் கேட்டாள். அதுவே நல்ல சகுனமாக இல்லை.

"ஆக, ஒண்ணும் தெரியாத ஆள் ஒருத்தர் வேணும்னு கேட்டாங்க."

"ஆமா."

"உங்களுக்கு உடனே என் ஞாபகம் வந்துச்சு."

பூட்டுக்காரர் வாயில் சோறு இருந்தது. விழுங்குவதா வேண்டாமா என்று யோசித்தார். "அப்படியில்ல. மனசுல பட்டதைச் சொல்றவங்கன்னும் கேட்டாங்க. அதுக்குத்தான் முதல்ல..."

"தண்ணி குடிங்க."

அன்றைக்கு முழுவதும் வீட்டில் பாத்திரங்கள்தான் பேசின. ஆனால் லாண்டரியில் அடுத்த விடுமுறை கிடைத்த நாளில் மனைவி இஸ்திரி போட்ட புடவையைக் கட்டிக்கொண்டு பதிப்பகப் படியேறினாள். இவர்கள் தன்னை என்னதான் நினைத்திருக்கிறார்கள் என்று நேரிலேயே பார்த்துவிடுவது என்று கிளம்பியவள். பதிப்பாசிரியை பசைப் புத்தகத்தைக் கொடுத்தார். திருத்திய பதிப்பு கொண்டுவர வேண்டியிருந்ததால் அதை எழுதிய பேராசிரியரையும் வரச் சொல்லியிருந்தார். பூட்டுக்காரருக்குக் கீழே இருப்புக் கொள்ளவில்லை. அறைக் கதவின் கீல் சத்தம் போடுகிறது என்று சொல்லி, எண்ணெய்க் குப்பியோடு வாசலில் வந்து மண்டி போட்டார்.

மனைவி முதல் பக்கத்தைப் படித்தாள். இரண்டாவதைப் படித்தாள். பிறகு முதல் பக்கத்துக்கே திரும்பி, ஒரு முனையிலிருந்து மறுமுனைவரை, பக்கம் மொத்தத்துக்கும் சேர்த்து ஒரே ஒரு பெருக்கல் குறி போட்டாள்.

பேராசிரியர் எழுந்து வந்து எட்டிப் பார்த்தார். "இதுல எது புரியலைம்மா?"

"புரியலைன்னு எப்படிச் சொல்றது? எனக்கு எழுதின மாதிரியே இல்லையே. உங்களை மாதிரி இன்னொருத்தருக்கு எழுதின கடுதாசியை நான் பிரிச்சுப் படிச்ச மாதிரி இருக்கு."

பேராசிரியர் நல்ல மனிதர். கோபித்துக்கொள்ளவில்லை, குழம்பிப்போனார். "பரப்புகளுக்கு இடையில செயல்படுற மூலக்கூறு விசைன்னு சொன்னா..."

"சார், இந்த டேப்பு ஏன் ஒட்டுது? அதை மட்டும் சொல்லுங்க."

பேராசிரியர் மேசையிலிருந்த டேப்பை எடுத்தார். ஒரு துண்டு கிழித்தார். கையில் சாமான் வந்ததும் அவர் குரலே மாறிவிட்டது. "பாருங்க, எந்த ரெண்டு பொருளும் ரொம்ப ரொம்பப் பக்கத்துல வந்தா ஒட்டத்தான் பார்க்கும். ஆனா பக்கத்துல வர முடியறதில்ல. இந்த மேசை வழுவழுன்னு இருக்கில்ல? கிட்டப் போய்ப் பார்த்தா மலையும் பள்ளமுமா இருக்கும். ஒரு மலைத்தொடர் மேல இன்னொரு மலைத்தொடரைக் கவுத்து வெச்சா எத்தனை இடத்துல தொடும்? நாலு உச்சியில தொடும், அவ்வளவுதான். பசை என்ன பண்ணுதுன்னா, உள்ள வழிஞ்சு போய் எல்லாப் பள்ளத்தையும் நிரப்பிடுது. அப்புறம் எல்லா இடமும் தொடுது. விடாது."

மனைவி மேசையைத் தடவிப் பார்த்தாள். வாசலில் எண்ணெய் சொட்டிக்கொண்டிருந்ததைப் பூட்டுக்காரர் கவனிக்கவில்லை.

"இதை ஏன் சார் எழுதல?"

"இது எல்லாருக்கும் தெரிஞ்சதுதானே."

"எனக்குத் தெரியாதே."

பேராசிரியர் பையிலிருந்து பேனாவை எடுத்து, டேப்புத் துண்டை விரலில் ஒட்டிக்கொண்டே முதல் பக்கத்தின் ஓரத்தில் எழுத ஆரம்பித்தார். பதிப்பாசிரியை மனைவிக்கு டீ சொன்னார். பூட்டுக்காரருக்கு யாரும் சொல்லவில்லை.

வாரம் ஒரு நாள் மனைவி பதிப்பகம் போகத் தொடங்கினாள். லாண்டரியில் இடைவேளையிலும் படித்தாள். இப்போது அவள் வீட்டுக்கு வந்ததும் ஆரம்பிப்பாள்: "தேனீ வழி சொல்றதுக்கு டான்ஸ் ஆடுமாமே, தெரியுமா?" பூட்டுக்காரருக்குத் தெரியும். தெரியும் என்று சொன்னால் அவள் முகம் வாடும், தெரியாது என்றால் பொய். "சொல்லேன் கேப்போம்," என்று சமாளிப்பார். உள்ளுக்குள் பொருமல் இருந்தது. படிக்கத்தானே விவரம் ஜாஸ்தி, எழுதலாமே என்று ஒரு நாள் தோன்றியது. பூட்டைப் பற்றித் தன்னைவிடத் தெரிந்தவர் அந்தக் கட்டடத்திலேயே கிடையாது. பதிப்பாசிரியையிடம் சொன்னபோது அவர் குதிக்காத குறை.

பூட்டுக்காரர் நான்கு மாதம் எழுதினார். காலையில் கடை திறந்ததும் முதல் ஒரு மணி நேரம் இயந்திரத்துக்குத் துணியைப் போர்த்திவிட்டு எழுத்துதான். எழுதியதை உறையிலிட்டு மாடியில் கொண்டுபோய்க் கொடுத்தார். விதி விதிதான் என்று பதிப்பாசிரியை அதைப் பொது வாசகரிடம் தந்தார். பொது வாசகர் அதைப் பையில் போட்டுக்கொண்டு பூட்டுக்காரரின் வீட்டுக்கே வந்து, பூட்டுக்காரர் எதிரிலேயே உட்கார்ந்து பிரித்தாள்.

இரண்டாவது பக்கத்தில் பேனா அசைந்தது.

"என்ன போட்ட?"

"கொ."

"நீ காலையிலேர்ந்து நின்னு வேலை பார்த்துட்டு வந்திருக்க. கொட்டாவி அதுக்கு வந்திருக்கும்."

"இதுவரைக்கும் வரல. இங்க வந்ததும்தான் வந்துச்சு."

மூன்றாவது பக்கத்தில் பெருக்கல் குறி. நான்காவதில் மூன்று. பூட்டுக்காரருக்குக் காது சூடாகியது. எட்டிப் பார்த்தார். "உருளையின் வெட்டுக்கோட்டில் ஊசிகளின் பிளவு இணையும்போது சுழற்சி சாத்தியமாகிறது" என்ற வரி. அவருக்கு மிகவும் பிடித்த வரி அது. எழுதிய அன்று இரண்டு தடவை வாய்விட்டுப் படித்துப் பார்த்திருந்தார்.

"இதுல புரியாம என்ன இருக்கு? இது எல்லாருக்கும் தெரிஞ்ச..."

பாதியில் நிறுத்திக்கொண்டார். மனைவி புருவத்தை உயர்த்தினாள்.

பூட்டுக்காரர் எழுந்துபோய், பக்கவாட்டில் அறுத்து உள்ளே தெரியும்படி வைத்திருந்த ஒரு பூட்டைக் கொண்டுவந்து மேசையில் வைத்தார். வரிசையாகச் சின்னச் சின்ன ஊசிகள். ஒவ்வொன்றும் இரண்டு துண்டு; மேலே ஸ்பிரிங். கீழ்த் துண்டுகள் ஒன்று நெட்டை, ஒன்று குட்டை. அவர் சாவியை மெதுவாக உள்ளே தள்ளினார். ஊசிகள் ஏறி இறங்கின. சாவி முழுசாகப் போனதும் கீழ்த் துண்டுகளின் தலை எல்லாம் சட்டென்று ஒரே நேர்கோட்டில் வந்து நின்றன. சாவி நுழைந்திருந்த உருளை திரும்பியது.

மனைவி கன்னத்தில் கையை வைத்துக்கொண்டு பார்த்தாள். "இன்னொரு தடவை."

மூன்று தடவை காட்டச் சொன்னாள். பிறகு சிரித்தாள். "எங்க லாண்டரியில குரூப் போட்டோ எடுத்தானே, அந்தக் கதைதான் இது."

"எது?"

"எல்லார் தலையும் ஒரே வரிசையில வந்தாத்தான் எடுப்பேன்னு அந்தப் போட்டோக்காரன் ஒத்தக்கால்ல நின்னான். குட்டையா இருந்தவங்களுக்கெல்லாம் சோப்புத்தூள் பெட்டியைக் கீழ போட்டான். நெட்டைக்குப் பெட்டி கிடையாது, நடுவாந்தரமா இருந்தா பாதிப் பெட்டி. கடைசியில தலையெல்லாம் கோடு கிழிச்ச மாதிரி நின்னுச்சு. டக்குனு எடுத்துட்டான். உங்க சாவியில மேடும் பள்ளமுமா வெட்டறீங்களே, அது அந்தப் பெட்டி வரிசைதானே?"

பூட்டுக்காரர் சாவியை வெளியே எடுத்து விளக்கு வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். இருபத்தேழு வருஷமாக அவர் சாவி வெட்டுகிறார். யாருக்கு எந்தப் பெட்டி என்று வெட்டிக்கொண்டிருப்பது இன்றைக்குத்தான் தெரிந்தது. அந்த நான்கு பக்கத்தையும் அவரே வாங்கி நடுவில் கிழித்தார். கொஞ்சம் வலிக்கத்தான் செய்தது.

மறுபடி எழுத ஐந்து மாதம் ஆனது. வீட்டில் சண்டைகள் நடந்தன. ஏழாவது அத்தியாயத்துக்காக இரண்டு நாள் பேச்சுவார்த்தையே இல்லை. புத்தகம் வந்தபோது அட்டையில் பூட்டுக்காரர் பெயருக்குக் கீழே, சின்ன எழுத்தில், "புரியாத இடங்களைக் கண்டுபிடித்தவர்" என்று மனைவியின் பெயரும் இருந்தது. லாண்டரியில் பதினாறு பேர் வாங்கினார்கள். குரூப் போட்டோவில் பெட்டி மேல் நின்றவர் ஒருவர் மட்டும் தன்னைக் குட்டை என்று எழுதிவிட்டதாகக் கோபித்துக்கொண்டு, பிறகு அந்தப் பக்கத்தில் கையெழுத்தும் வாங்கிப் போனார்.

புத்தகம் வந்து ஒரு மாதம் இருக்கும். காலை எட்டு மணிக்குப் பக்கத்துத் தெருவிலிருந்து அவசரமாகக் கூப்பிட்டார்கள். மூன்றாவது மாடி. குளித்துவிட்டு, வாசலில் கிடந்த செய்தித்தாளை எடுக்க ஒரு எட்டு வெளியே வைத்த மனிதர்; கதவு காற்றில் சாத்திப் பூட்டிக்கொண்டுவிட்டது. ஈரத் துண்டோடு, செய்தித்தாளை மார்புக்குக் கேடயமாகப் பிடித்துக்கொண்டு நின்றார். பூட்டுக்காரர் கம்பியை விட்டு ஒரு நிமிஷத்தில் திறந்துவிட்டார்.

"எப்படிங்க இவ்வளவு சுலபமா?" என்றார் துண்டுக்காரர்.

பூட்டுக்காரர் கம்பிகளைச் சுருட்டிக்கொண்டே சொல்ல ஆரம்பித்தார். நெட்டை, குட்டை, பெட்டி, போட்டோ. துண்டுக்காரர் குனிந்து சாவித் துவாரத்துக்குள் ஒற்றைக் கண்ணை வைத்துப் பார்த்தார்.

"அப்ப வேற சாவியைப் போட்டா?"

"யாராவது ஒருத்தர் தலை மேல நீட்டிக்கிட்டு நிக்கும். இன்னொருத்தர் பள்ளத்துல நிப்பார். போட்டோ எடுக்க முடியாது."

துண்டுக்காரர் பெரிதாகச் சிரித்தார். எதிர்வீட்டுக் கதவைத் தட்டி அவர்களையும் கூப்பிட்டார். "இங்க வந்து கேளுங்க, பூட்டுக்குள்ள குரூப் போட்டோ எடுக்கறாங்களாம்." அந்தம்மா கையைத் துடைத்துக்கொண்டு வந்து நின்றார். இரண்டு பேரும் மாறி மாறிக் கேள்வி கேட்டார்கள். பூட்டுக்காரர் படிக்கட்டில் உட்கார்ந்து, விரல்களையே ஊசிகளாக நிறுத்திக் காட்டிக்கொண்டிருந்தபோது, மாடி ஜன்னல் வழியாகக் காற்று வீசியது. கதவு மறுபடியும் படாரென்று சாத்திக்கொண்டது.

எதிர்வீட்டு அம்மா வாயைப் பொத்திக்கொண்டார். பூட்டுக்காரர் கம்பிச் சுருளைப் பிரித்தபடி எழுந்தார்.

துண்டுக்காரர் செய்தித்தாளைத் தரையில் விரித்து, அதன்மேல் வசதியாகச் சம்மணம் போட்டு உட்கார்ந்தார். "நல்லதாப் போச்சு. இந்தத் தடவை அவசரப்படாம மெதுவாத் திறங்க. முதல் ஆளு தலை எப்ப மேல வருதுன்னு எனக்கும் சொல்லுங்க."